இரட்டை வேடம், ஒற்றைப் பிள்ளை

(சென்ற மாதச் சந்திப்பில் இரண்டு படங்களிலிருந்து சில காட்சிகளைப் போட்டுக் காட்டிய பிறகு பேசினது. எழுத்தில் கேட்டவர்களுக்காக அனுப்புகிறேன். நேரம் போதாமல் அன்றைக்கு விட்ட சிலதையும் சேர்த்திருக்கிறேன்.)



என்னுடைய தமிழைப் பற்றி முதலே சொல்லிவிடுகிறேன். பாதி அம்மாவிடமிருந்து வந்தது, பாதி சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் வந்தது. இரண்டும் என் வாய்க்குள்ளே சண்டை பிடிக்கும். எங்கையாவது தடக்கினால் பொறுத்துக்கொள்ளுங்கோ.

இப்ப நீங்கள் பார்த்த முதல் படம் 1950இல் மேற்கு ஜேர்மனியில் வந்தது. எரிஷ் கெஸ்ட்னர் எழுதிய 'இரட்டை லொட்டே'. இங்கே பள்ளிக்கூடம் போன பெரும்பாலானவர்களுக்குத் தெரிந்த கதை. இரண்டாவது, 1965இல் சென்னையில் ஏவிஎம் எடுத்த 'குழந்தையும் தெய்வமும்'. கிருஷ்ணன்-பஞ்சு இயக்கினது. ஜெய்சங்கரும் ஜமுனாவும் அப்பா, அம்மா. இரண்டிலும் எலும்புக்கூடு ஒன்றுதான். பிரிந்துபோன அப்பாவும் அம்மாவும் இரட்டைப் பெண்பிள்ளைகளை ஆளுக்கொன்றாக வளர்க்கிறார்கள். பிள்ளைகளுக்கு அது தெரியாது. தற்செயலாகச் சந்திக்கிறார்கள். இடம் மாறி வீட்டுக்குப் போய், பெரியவர்களைச் சேர்த்துவைக்கிறார்கள்.

நான் இதைக் கண்டுபிடித்த விதத்தையும் சொல்ல வேணும். நான்காம் வகுப்பில் எங்களுக்கு 'இரட்டை லொட்டே' வாசிக்கத் தந்தார்கள். அன்று பின்னேரம் அம்மா உடுப்பு அயர்ன் பண்ணிக்கொண்டிருக்க, நான் பக்கத்திலிருந்து கதையைத் தமிழில் சொன்னேன். பாதிக் கதையில் அம்மா அயர்னை நிமிர்த்தி வைச்சா. "இது எங்கட படமெல்லே. குட்டி பத்மினி நடிச்சது. நாங்கள் டெக் வாடகைக்கு எடுத்து விடிய விடியப் பாத்தனாங்கள்" என்று சொல்லி, மிச்சக் கதையை அவவே சொல்லி முடிச்சா. அடுத்த நாள் வகுப்பில் கையை உயர்த்தி, இது ஒரு தமிழ்ப் படம் என்று சொன்னேன். ஆசிரியை சிரித்தார். கெட்ட சிரிப்பு இல்லை. சின்னப் பிள்ளை எதையோ குழப்பிக்கொண்டது என்கிற சிரிப்பு. வீட்டுக்கு வந்து, இது ஜேர்மன் கதையாம் என்றேன். அம்மாவும் அதே சிரிப்பைச் சிரிச்சா.

இரண்டு பேரும் சரிதான். கெஸ்ட்னர் ட்ரெஸ்டனில் பிறந்தவர். 1933 மே 10ஆம் திகதி பெர்லினில் நாஜிகள் புத்தகங்களை எரித்தபோது அவருடைய புத்தகங்களும் எரிந்தன. அவர் கூட்டத்துக்குள் நின்று அதைப் பார்த்தார். இந்தக் கதையை 1942இல் ஒரு படத்துக்கான குறிப்பாக எழுதியிருக்கிறார். பிறகு எழுதவே தடை வந்து அது அப்படியே கிடந்தது. போர் முடிந்தபின் நாவலாகி 1949இல் வெளிவந்தது. அடுத்த வருசம் யோசெப் ஃபொன் பாக்கி படமாக்கினார். கெஸ்ட்னரே திரைக்கதை எழுதி, படத்தில் கதைசொல்லியாகவும் வந்தார். 1961இல் டிஸ்னியும் எடுத்தது. அங்கிருந்து சென்னை. 1966இல் தெலுங்கு, 1968இல் இந்தி. தெலுங்குப் படத்திலும் குட்டி பத்மினிதான். இந்தியில் நீத்து சிங், அப்போது அவருக்குப் பெயர் பேபி சோனியா. நாஜித் தடைக்குள் எழுதப்பட்ட ஒரு குறிப்பு, யாழ்ப்பாணத்தில் வாடகை டெக்கில் ஓடி, பிறகு ஜேர்மனியில் ஒரு அயர்ன் மேசையில் திரும்பி வந்து முட்டினது என்று நினைத்தால் எனக்கு இன்னும் கொஞ்சம் தலை சுற்றும்.

ஆனால் நான் இன்றைக்குப் பேச வந்தது கதையின் பயணத்தைப் பற்றி இல்லை. அந்தக் கதையில் வேலை செய்த பிள்ளையைப் பற்றி.

புத்தகத்தைத் திரும்ப வாசித்தபோது, சின்ன வயதில் பிடிபடாத ஒன்று பிடிபட்டது. வியன்னாவில் அப்பாவோடு வளர்ந்தவள் லுயீஸே. மியூனிக்கில் அம்மாவோடு வளர்ந்தவள் லொட்டே. லொட்டேயின் அம்மா ஒரு சஞ்சிகையில் வேலை செய்கிறார், தனி ஆளாகப் பிள்ளையை வளர்க்கிறார். ஆகவே கடைக்குப் போவது, சமைப்பது, வீட்டைப் பார்ப்பது எல்லாம் லொட்டே. வயது ஒன்பது. இடம் மாறி வந்த லுயீஸேக்குச் சமைக்கத் தெரியாது, அதில்தான் பகிடியே வருகிறது. எங்களுக்கும் வாசிக்கும்போது சிரிப்பு வந்தது. வேலைக்குப் போகிற அம்மாவின் பிள்ளை வீட்டில் இரண்டாவது ஷிஃப்ட் செய்கிறது என்று அந்த வகுப்பில் யாரும் சொல்லித்தரவில்லை. அந்த வகுப்பில் அதைச் செய்துகொண்டிருந்த பிள்ளைகள் நாலைந்து பேர் இருந்தோம். எங்களுக்குச் சொல்லித்தரத் தேவையில்லை என்று விட்டார்களோ தெரியாது.

அதே புத்தகத்தின் நடுவில் கெஸ்ட்னர் கதையை நிறுத்திவிட்டு ஷெர்லி டெம்பிளைப் பற்றி ஒரு குட்டிக் கதை சொல்கிறார். ஏழெட்டு வயதில் உலகம் முழுக்கப் பேர் பெற்ற ஹொலிவூட் நட்சத்திரம். தான் நடித்த படத்தைப் பார்க்கத் தாயோடு தியேட்டருக்குப் போனால் உள்ளே விடமாட்டார்கள், வயது காணாது. படத்தில் நடிக்க மட்டும் வயது காணும். பெற்றோரின் பிரிவைப் பற்றிச் சிறுவர் புத்தகத்தில் எழுதலாமா என்று கேட்பவர்களுக்கு அவர் வைத்த பதில் அது. அனுபவிக்கிற வயது வந்தவருக்கு அதைப் பற்றிக் கதைக்கிற வயதும் வந்துவிட்டது என்பது அவருடைய வாதம். எனக்கோ வேறு இடத்தில் குத்தினது. நடிக்கிறது வேலை, பார்க்கிறது பொழுதுபோக்கு. வேலைக்கு வயது பார்க்காத ஊர் பொழுதுபோக்குக்கு வயது பார்த்திருக்கிறது.

இனி குட்டி பத்மினி. 1956இல் பிறந்தவர். 'குழந்தையும் தெய்வமும்' வந்தபோது ஒன்பது வயது, அதாவது கெஸ்ட்னரின் லொட்டேயின் வயது. அதற்கு முதலே படங்களில் இருந்தவர். சிவாஜி படம், எம்.ஜி.ஆர். படம் என்று குழந்தை தேவைப்பட்ட இடமெல்லாம் போனவர். ஜேர்மன் படத்தில் யூத்தா, ஈசா குந்தர் என்ற உண்மையான இரட்டைச் சகோதரிகள் நடித்தார்கள். சென்னையில் இரண்டு வேடமும் ஒரே பிள்ளை. லல்லி, பப்பி இரண்டு பேரும் அவர்தான்.

இரட்டை வேடத்தை அந்தக் காலத்தில் எப்படி எடுப்பார்கள் என்று இங்கே படிக்கிறபோது தெரிந்துகொண்டேன். கணினி இல்லை. கமராவை அசையாமல் பூட்டிவைத்து, லென்சின் ஒரு பாதியை மறைத்து, பிள்ளையை ஒரு பக்கம் நிறுத்தி எடுப்பார்கள். பிறகு ஃபிலிமைப் பின்னுக்குச் சுற்றி, மற்றப் பாதியை மறைத்து, உடுப்பு மாற்றித் தலை மாற்றி, அதே பிள்ளையை மற்றப் பக்கம் நிறுத்தித் திரும்ப எடுப்பார்கள். இரண்டாவது முறை, அங்கே இல்லாத தன்னைப் பார்த்து, சரியான உயரத்தில் கண்ணை வைத்து, சரியான இடைவெளி விட்டு வசனம் சொல்ல வேணும். கொஞ்சம் பிசகினால் முதல் பாதியும் வீண். தோளுக்குப் பின்னாலிருந்து காட்டுகிற இடங்களில் வேறொரு பிள்ளையை முதுகு காட்டி நிறுத்தலாம். முகம் தெரிகிற இடத்தில் ஏமாற்ற முடியாது. ஆக, ஒரு காட்சிக்கு இரண்டு காட்சியின் வேலை. நடிகர் பெரியவராக இருந்தால் இதற்காகப் பேரம் பேசுவார். ஒன்பது வயதுப் பிள்ளைக்காகப் பேரம் பேசுகிறவர் யார்?

அந்தப் படம் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதை வாங்கினது. பிள்ளைக்கு என்ன கிடைத்தது, எந்தக் கையில் கிடைத்தது என்பதுதான் கேட்க வேண்டிய கேள்வி. அமெரிக்காவில் இந்தக் கேள்வியை ஒருவர் நீதிமன்றத்தில் கேட்டார். ஜாக்கி கூகன். சாப்ளினோடு 'தி கிட்' படத்தில் நடித்த அந்தப் பொடியன். வளர்ந்தபிறகு பார்த்தால், உழைத்த காசு கிட்டத்தட்ட முழுக்கத் தாயும் மாற்றாந்தகப்பனும் செலவழித்திருந்தார்கள். வழக்குப் போட்டு மிச்சத்தில் கொஞ்சம் வாங்கினார். அதனால் 1939இல் கலிபோர்னியாவில் ஒரு சட்டம் வந்தது. பிள்ளையின் சம்பளத்தில் ஒரு பங்கைப் பிள்ளையின் பேரிலேயே போட வேணும். இந்தியாவில் அப்படி ஒரு விதி 2017இல் வந்தது. குழந்தைத் தொழிலாளர் சட்டத்தை 2016இல் திருத்தினபோது பதினான்கு வயதுக்குட்பட்டவர்களை வேலைக்கு வைக்கவே கூடாது என்றார்கள், ஆனால் சினிமாவுக்கும் தொலைக்காட்சிக்கும் கதவைத் திறந்துவைத்தார்கள். அடுத்த வருச விதிகள் அந்தக் கதவுக்கு ஒரு தாழ்ப்பாள் போட்டன. ஒரு நாளைக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் இல்லை. ஓய்வில்லாமல் மூன்று மணி நேரத்துக்கு மேல் இல்லை. தொடர்ந்து 27 நாளுக்கு மேல் இல்லை. மாவட்ட ஆட்சியரின் அனுமதி. வருமானத்தில் குறைந்தது 20 சதவீதம் பிள்ளையின் பேரில் வங்கியில். படத்துக்கும் விதிக்கும் நடுவில் ஐம்பத்திரண்டு வருசம். லல்லிக்கும் பப்பிக்கும் அறுபது வயது தாண்டிவிட்டது.

அவருடைய பேரையும் கவனியுங்கோ. எழுபதை நெருங்குகிற வரைக்கும் 'குட்டி'. குழந்தையாக இருந்ததுதான் அவருடைய முத்திரை, அதைக் கழற்ற முடியவில்லை. அல்லது கழற்றினால் நட்டம் என்று அவரே வைத்துக்கொண்டிருக்கலாம். வளர்ந்த பிறகு தங்கை, தோழி என்று பக்கத்து வேடங்கள்தான் நிறைய வந்தன. குழந்தை நட்சத்திரங்கள் பலருக்கும் நடக்கிறதுதான். சிலர் கலியாணம் கட்டிக் காணாமல் போவார்கள். அவர் வேறு பக்கம் போனார். தொலைக்காட்சித் தயாரிப்பாளர் ஆனார்.

அவர் பிள்ளையாக நடித்த காலத்தில் சென்னையில் தொலைக்காட்சியே இல்லை. சென்னைத் தூர்தர்ஷன் 1975இல்தான் தொடங்கினது. சன் ரீவி 1993இல். அதற்குள் அவர் முப்பதுகளில். புதிய தொழில், புதிய ஆட்கள், பழைய சினிமாக் குடும்பங்கள் இன்னும் முழுக்கப் பிடித்துக்கொள்ளாத இடம். பெண்கள் அங்கே தயாரிப்பாளராக நுழைந்தது தற்செயல் இல்லை என்று நினைக்கிறேன். ராதிகா, குட்டி பத்மினி, பிறகு குஷ்பு. திரைப்படத்தில் கதாநாயகி வயது முடிந்தவர்களுக்கு அது இரண்டாவது வாழ்க்கையாக இருந்தது.

தயாரிப்பு என்றால் நாங்கள் காசு போடுகிறது என்று மட்டும் நினைக்கிறோம். அந்த நாட்களில் பல தமிழ்த் தொடர்களின் கணக்கு எப்படி என்றால், தயாரிப்பாளர் அரை மணி நேரத்துக்குச் சேனலுக்குக் காசு கட்டுவார். பதிலாகச் சில விளம்பர நிமிடங்கள் கிடைக்கும். அந்த நிமிடங்களைச் சவர்க்காரக் கம்பனிக்கும் நகைக்கடைக்கும் விற்றுத்தான் கட்டின காசையும், படப்பிடிப்புச் செலவையும், இலாபத்தையும் எடுக்க வேணும். ஒரு நாள் எபிசோட் போகாவிட்டால் கட்டின காசு போச்சு. ஆகவே நிற்கக் கூடாது. ஒரு நாள் கால்ஷீட்டில் எத்தனை காட்சி முடிகிறது என்பதுதான் எல்லாம். நடிகைக்குக் காய்ச்சல் என்றால் கதையில் அவரை ஊருக்கு அனுப்பு. லைட்போயின் இரவுச் சாப்பாடு, மேக்கப் பெண்ணின் ஓட்டோக் காசு, வாடகை வீட்டின் கரண்ட் பில், எல்லாம் ஒரே கொப்பியில். இதை வருசக்கணக்காகச் செய்தவரின் மூளை ஒரு தொழிற்சாலை மேலாளரின் மூளை. வேறு மாதிரி இருக்க முடியாது.

எங்கள் வீட்டில் இதன் மற்றப் பக்கம் இருந்தது. அம்மா காலையில் ஒரு இடத்தில் துப்புரவு வேலை, பின்னேரம் ஒரு உணவகச் சமையலறை. இரவில் கிடைக்கிற அரை மணி நேரம் தொடருக்கு. அவ சின்னப் பிள்ளையாகப் பார்த்து அழுத அந்தக் குட்டி பத்மினி தயாரித்த 'கிருஷ்ணதாசி'யை அவ ஜேர்மனியில் இருந்து பார்த்தா. ஜெமினி கணேசன் வயதான காலத்தில் நடித்தது, இந்திரா சௌந்தர்ராஜன் கதை. நான் பிறந்த காலத்துத் தொடர். எனக்கு நினைவில்லை, ஆனால் அம்மாவுக்கு ஒவ்வொரு முடிச்சும் நினைவு. பல்கலைக்கழகம் போன பிறகு நான் இந்தத் தொடர்களைப் பற்றி ஏளனமாகக் கதைத்திருக்கிறேன். பிற்போக்கு, ஆணாதிக்கம், மாமியார்-மருமகள் என்று. தப்பாகச் சொல்லவில்லை. ஆனால் ஒரு நாள் அம்மா கேட்டா: "நாள் முழுக்க வேலை செய்யிற பொம்பிளையளைப் பற்றி ரீவியில வேற யார் கதைக்கினம், நீயா?" எனக்குப் பதில் வரவில்லை.

இன்னொன்றையும் சொல்லாமல் விட முடியாது, ஏனெண்டால் எனக்கு மிகவும் பிடித்த முரண் இது. 2014இல் கலைஞர் தொலைக்காட்சியில் கருணாநிதியின் 'ரோமாபுரிப் பாண்டியன்' தொடரானபோது தயாரித்தவர் குட்டி பத்மினி. அடுத்த வருசம் இராமானுசரைப் பற்றிய தொடர். தயாரிப்பு அவர், எழுத்து கருணாநிதி. தொண்ணூறைத் தொட்ட ஒரு பகுத்தறிவாளர் ஒரு வைணவப் பெரியாரைப் பற்றி எழுதுகிறார், வாழ்க்கை முழுக்கக் கமராவுக்கு முன்னால் நின்ற ஒரு பெண் அதற்குக் கணக்குப் பார்க்கிறார். இதைப் பற்றித் தனியாக ஒரு மாலை முழுக்கச் சண்டை பிடிக்கலாம். இன்றைக்கு வேண்டாம்.

நான் குட்டி பத்மினியைத் தோழராக்கிக் காட்ட வரவில்லை. அவர் தயாரிப்பாளர். மற்றவர்களின் உழைப்பை வாங்கி விற்றவர். எங்களுடைய அகராதியில் அதற்குச் சொல் இருக்கிறது, உங்களுக்குத் தெரியும். ஆனால் அந்தச் சொல்லோடு கதை முடிந்துவிடாமல் இருப்பதற்குக் காரணம் 2024.

கேரளாவில் ஒரு நடிகை மீது நடந்த தாக்குதலுக்குப் பிறகு 2017இல் நீதிபதி ஹேமா தலைமையில் குழு அமைத்தார்கள். 2019 கடைசியில் அறிக்கை கொடுத்தார்கள். கிட்டத்தட்ட ஐந்து வருசம் அரசு அதை மேசைக்குள் வைத்திருந்தது. 2024 ஆகஸ்டில் பேர்களை மறைத்து வெளியே விட்டார்கள். அது வெளிவந்த பிறகு தமிழ்நாட்டில் பலரிடம் மைக்கை நீட்டினார்கள். பெரிய ஆண் நடிகர்கள் சிலருக்கு அப்படி ஒரு அறிக்கை வந்ததே தெரியாது. அந்த நாட்களில் குட்டி பத்மினி என்.டி.டி.வி.யிடம் பேசினார். தொலைக்காட்சித் தொடர்களில் பெண்களிடம் பாலியல் ரீதியான கோரிக்கைகள் வைக்கப்படுவதையும், நிரூபிக்க முடியாததால் பலர் முறையிடுவதில்லை என்பதையும் சொன்னார். தன்னுடைய சொந்தத் தொழிலைப் பற்றிச் சொன்னார், கவனியுங்கோ, வெளியிலிருந்து இல்லை. பிறகு தன்னைப் பற்றியும் சொன்னார். குழந்தை நட்சத்திரமாக இருந்தபோது தானே பாலியல் தொல்லைக்கு ஆளானதாக. அம்மா அதைத் தட்டிக் கேட்டபோது, அந்த இந்திப் படத்திலிருந்து பிள்ளையைத் தூக்கிவிட்டதாக.

இந்தக் கடைசி வரியில்தான் நான் நின்றுபோனேன். தொல்லை கொடுத்தவர் போகவில்லை. முறைப்பாடு சொன்ன தாயின் பிள்ளைக்கு வேலை போனது. ஒரு பெரிய நடிகைக்கு நடந்தால் அதை 'வாய்ப்பு இழப்பு' என்கிறோம். ஒரு பிள்ளைக்கு நடந்தால்? அந்தப் பிள்ளையின் சம்பளத்தில் வீடு நடந்தால், அடுத்த முறை தாய் வாயைத் திறப்பாளா? நான் அந்தத் தாயைக் குறை சொல்லவில்லை, அவர் திறந்தார். அதற்கு விலையும் கொடுத்தார்கள்.

இங்கே எங்களில் சிலர் உடனே "அதுக்குத்தான் சங்கம் வேணும்" என்பீர்கள். நானும் அப்படித்தான் தொடங்கினேன். ஆனால் 2018இல் சின்மயி பகிரங்கமாகக் குற்றம் சாட்டினபிறகு, டப்பிங் கலைஞர்களின் சங்கம் அவரைச் சந்தா கட்டவில்லை என்ற காரணத்தைச் சொல்லி உறுப்பினர் பட்டியலிலிருந்து நீக்கினது. சங்கத்தில் இல்லாமல் டப்பிங் வேலை கிடைப்பது கஷ்டம். தொழிலாளரைக் காக்கக் கட்டின வேலியை முறைப்பாட்டாளரை வெளியே நிறுத்தவும் பாவிக்கலாம். இதைச் சொல்ல எனக்குச் சந்தோசமில்லை. சங்கம் வேணும் என்பதும் மாறவில்லை. பிள்ளைகளுக்கோ அப்படி ஒரு சங்கம்கூட இல்லை.

ஜேர்மனியில் நிலைமை எப்படி? இளையோர் தொழில் பாதுகாப்புச் சட்டம் 1976இலிருந்து இருக்கிறது. படப்பிடிப்பில் மூன்று முதல் ஆறு வயதுப் பிள்ளைக்கு நாளுக்கு இரண்டு மணி நேரம், காலை எட்டு முதல் பின்னேரம் ஐந்துக்குள். ஆறுக்கு மேல் மூன்று மணி நேரம், இரவு பத்துக்குள். முன்கூட்டியே அனுமதி எடுக்க வேணும், இளையோர் நல அலுவலகத்திடமும் கருத்துக் கேட்பார்கள். நல்ல சட்டம். இந்த நாட்டைப் பற்றி நல்லதாக ஒன்று சொன்னதைக் குறித்துவைத்துக்கொள்ளுங்கோ, அடிக்கடி நடக்காது.

ஆனால் அதே நாட்டில் நான் எட்டு வயதில் மொழிபெயர்ப்பாளராக வேலை செய்தேன். எங்களில் எத்தனை பேர்? பாருங்கோ, கை உயர்த்தினவர்களை எண்ணவே தேவையில்லை. வெளிநாட்டவர் அலுவலகத்தில் அம்மாவுக்குப் பக்கத்தில் நின்று, 'விசா', 'நிராகரிப்பு', 'மேன்முறையீடு' போன்ற சொற்களை, அர்த்தம் தெரியாமலே இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் மாற்றிக் கொடுத்தேன். அந்தப் பக்கம் பார்த்து ஒரு முகம், இந்தப் பக்கம் பார்த்து ஒரு முகம். ஒருமுறை அலுவலர் சொன்ன ஒரு வசனத்தை அம்மாவிடம் சொல்லாமல் விட்டேன். சொன்னால் அழுவா என்று தெரியும். அதனால் ஒரு திகதி தவறினது. அதற்குப் பிறகு என்ன நடந்தது என்பதை இங்கே சொல்லப்போவதில்லை, ஒருமாதிரிச் சமாளித்தோம். ஆனால் அந்த வசனம் இப்பவும் ஜேர்மன் மொழியில் அப்படியே எனக்குப் பாடம்.

பிறகு மேடை. அதையும் சொல்ல வேணும், இது எங்களுக்குள்ளே கதைக்கக் கஷ்டமான விசயம். நினைவு நாட்களில், விழாக்களில், வெள்ளை உடுப்புப் போட்டு என்னை மைக்குக்கு முன்னால் நிறுத்தினார்கள். நான் பார்க்காத ஒரு ஊரைப் பற்றி, எனக்கு நடக்காத ஒரு இழப்பைப் பற்றி, மனப்பாடமாகப் பேசினேன். எந்தச் சொல்லில் குரல் உடைய வேணும் என்று சொல்லித்தந்தார்கள். சபை அழுதது. நான் நன்றாகச் செய்தேன் என்று எனக்குத் தெரிந்தது, ஏனெண்டால் அழுதார்கள். அந்த இழப்பு உண்மையானது, அழுதவர்களும் உண்மையாகத்தான் அழுதார்கள். நான் மட்டும் நடித்துக்கொண்டிருந்தேன். வீட்டுக்கு வரும்போது காரில் அம்மா கையைப் பிடிச்சுக்கொண்டு இருந்தா, ஒன்றும் கதைக்கவில்லை. என்னிடம் யாரும் காசு எடுக்கவில்லை, யாரும் கை வைக்கவில்லை. குட்டி பத்மினிக்கு நடந்ததோடு இதை ஒப்பிட எனக்கு வாய் வராது. ஆனாலும் ஒரு பிள்ளையின் முகத்தைப் பெரியவர்களின் காரியத்துக்குப் பாவிக்கிற பழக்கம் சினிமாவில் மட்டும் இல்லை என்று எனக்குத் தெரியும்.

இப்ப, நான் உண்மையில் எதற்காக இதை எடுத்தேன் என்பதற்கு வருகிறேன். வசந்த காலத்தில் நாங்கள் எடுக்கப்போகிற காணொளி. நாடுகடத்தல் கடிதம் வந்த குடும்பங்களைப் பற்றியது. வரைவை எல்லாரும் வாசித்திருப்பீர்கள். அதில் நாலாவது பக்கத்தில், குடும்பங்களின் பிள்ளைகள் கமராவைப் பார்த்துப் பேசுவார்கள் என்று இருக்கிறது. பக்கத்தில் ஒருவர் குறிப்பு எழுதியிருக்கிறார்: பிள்ளைகள் சொன்னால் மனசு கேளாது, ஆட்கள் பகிர்வார்கள். எழுதினவர் மீது எனக்குக் கோபமில்லை. அவர் சொல்வது உண்மை. பகிர்வார்கள். ஏவிஎம்முக்கும் அது தெரிந்திருந்தது.

எங்களுடைய காணொளிக்கு இந்த நாட்டுச் சட்டம் எவ்வளவு பொருந்தும் என்பதை ஒரு வழக்கறிஞரிடம் கேட்கலாம், கேட்க வேணும். என்னுடைய கேள்வி அதற்கு முந்தினது. அந்தப் பிள்ளை எத்தனை மணி நேரம் அங்கே இருக்கும்? எத்தனை முறை திரும்பச் சொல்லச் சொல்வோம்? மூன்றாவது டேக்கில் அழாவிட்டால் என்ன செய்வோம்? அதனுடைய முகமும் பேரும் பத்து வருசத்துக்குப் பிறகும் தேடினால் வரும். பதினெட்டு வயதில் அது வேலைக்கு விண்ணப்பிக்கும்போதும் வரும். அப்போது எடுத்துவிடச் சொன்னால் எடுப்போமா, யார் எடுப்பது, இந்தக் கூட்டு அப்போது இருக்குமா? தாய் சம்மதம் சொல்வா என்கிறீர்கள். கடிதம் கையில் இருக்கிற தாய், உதவிக்கு வந்த எங்களிடம் 'இல்லை' என்று சொல்வாவா?

போன கிழமை அம்மாவிடம் இதைப் பற்றிக் கேட்டேன். நாங்கள் அந்த அலுவலகத்தில் நின்ற நாட்களைப் பற்றியும் கேட்டேன், முதல் தடவையாக. அம்மா கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு சொன்னா: "நீ எல்லாத்தையும் சரியாத்தான் சொன்னனி எண்டு நான் நினைச்சுக்கொண்டிருந்தனான்."

நான் அந்த ஒரு வசனத்தைப் பற்றி அவவுக்கு இன்னும் சொல்லவில்லை.

வரைவின் நாலாவது பக்கத்தை எடுத்துவிடுவோம் என்று முன்மொழிகிறேன். பிள்ளைகள் வேண்டுமானால் குரலோ முகமோ இல்லாமல் படம் வரையட்டும், வேண்டாமென்றால் வெளியே விளையாடட்டும். பெரியவர்கள் பேசுவோம். குறைவாகப் பகிர்வார்கள், தெரியும். ஞாயிற்றுக்கிழமை வாக்கெடுப்புக்கு முதல் மறுப்புகளை எழுதி அனுப்புங்கோ. தமிழிலோ ஜேர்மனிலோ, இரண்டையும் நானே மொழிபெயர்ப்பேன்.